மலைக் குளிரில் செல்லக் கரப்பான்: பெட்டியை எப்படி அமைப்பது?

ஜூன் 9, 2024. கொடைக்கானல் வாசகர் கேட்டது

அண்ணே, வீடு நாயுடுபுரம் பக்கம். பெங்களூர்ல இருக்கிற சித்தப்பா பையன் மடகாஸ்கர் சீறும் கரப்பான் கொஞ்சம் குடுத்தான். அவன் பிளாஸ்டிக் டப்பாவுல முட்டை அட்டை வச்சு சும்மா அலமாரியில விட்டிருந்தான், அதுபாட்டுக்கு குட்டி போட்டுச்சு. நானும் அதே டப்பா, அதே அட்டைதான். இங்க வந்ததுல இருந்து அசைய மாட்டேங்குது, தீனியும் தொடல. கொடைக்கானல்ல எப்பவும் ஈரம்தான், தண்ணி தெளிக்கவே வேண்டாம்னு ஒருத்தர் சொன்னார். சரியா? இந்த ஊர்ல கரப்பானே வளராதுன்னு அம்மா சொல்றாங்க. அவங்களுக்குச் சந்தோஷம்.

ஜூன் 9, ராத்திரி

தம்பி, டப்பாவுல குறை இல்ல, ஊருதான் வேற. பெங்களூர் ஏறத்தாழ 900 மீட்டர் உயரம். நீங்க இருக்கிறது 2100. உங்க அலமாரிக்குள்ள ஒரு தெர்மாமீட்டரை வச்சு விடியக்காலையில பாருங்க, 15, 16 தாண்டாது. பூச்சிக்குன்னு தனியா உடம்புச் சூடு கிடையாது, சுத்தி எவ்வளவோ அதுக்கும் அவ்வளவுதான். மடகாஸ்கர் சீறிக்கு 24-ல இருந்து 30 டிகிரி வரைக்கும் வேணும். 20-க்குக் கீழ போனா தீனி குறையும், நடமாட்டம் நிக்கும். இன்னும் இறங்கினா செத்தது மாதிரியே கிடக்கும். செத்துப்போச்சுன்னு தூக்கிப் போட்டுடாதீங்க.

இன்னைக்கு ராத்திரிக்கு டப்பாவைக் கம்பளியில சுத்தி ஃபிரிட்ஜ் மேல பின்பக்கமா வைங்க. காத்து ஓட்டையை மட்டும் மூடிடாதீங்க. பீரோவுல இருந்து எடுத்த கம்பளின்னா முதல்ல மோந்து பாருங்க. பாச்சை உருண்டை வாசம் இருந்தா வேண்டாம். எதை விரட்ட அந்த உருண்டையைப் போடுறோமோ அதைத்தான் நீங்க வளர்க்கிறீங்க.

அம்மா சொன்னது பாதி சரி. சாதாரண மலை வீட்டுல கரப்பான் குறைவு. பேக்கரி அடுப்புக்குப் பின்னாடி, ஓட்டல் சமையற்கட்டுலன்னா எந்த உயரத்துலயும் இருக்கும்.

ஜூன் 10

ஈரப்பதத்துக்கு வரேன். மலையில வளர்க்கிறவங்க பாதிப்பேர் இங்கதான் வழுக்குறாங்க.

வெளியில பனிமூட்டம், கொடியில போட்ட துணி காயவே இல்ல, அப்ப பெட்டிக்குள்ளயும் ஈரம் இருக்கும்னு நினைக்கிறோம். பெட்டியைச் சூடாக்காத வரைக்கும் அது உண்மை. சூடாக்கினதும் கணக்கு தலைகீழாயிடும். குளிர்ந்த காத்து கொஞ்சம் தண்ணியைத்தான் தாங்கும். 12 டிகிரியில 100 சதவீதம் ஈரமா இருக்கிற காத்தைப் பெட்டிக்குள்ள விட்டு 28 டிகிரிக்குச் சூடாக்கினா, ஈரப்பதம் ஏறத்தாழ 37 சதவீதத்துக்கு இறங்கிடும். தண்ணி எங்கயும் ஓடிப்போகல. காத்து தாங்குற அளவு பெருசாயிடுச்சு, அவ்வளவுதான். சீறிக்கு வேண்டியது 60, 70. வெளியில மழை கொட்டுறப்பவும் பெட்டிக்குள்ள வறட்சி.

நான் கோத்தகிரியில நாட்டுக்கோழி இன்குபேட்டர் ஓட்டுறவன். இதே கதையை முட்டையில பார்த்திருக்கேன். மழைக்காலம்தானேன்னு தண்ணித் தட்டை வைக்காம விட்டா, குஞ்சு ஓட்டுக்குள்ள சவ்வோட ஒட்டிக்கிட்டு வெளிய வர முடியாம சாகும். கரப்பான்ல இது தோல் உரிக்கிறப்ப தெரியும். பழைய தோல் காலைப் பிடிச்சுக்கும், புதுக்கால் கோணலாகும், சில சமயம் பாதியிலயே முடிஞ்சுபோகும்.

அதனால உங்க கிட்ட சொன்னவர் சொன்னது பெங்களூருக்குப் பொருந்தலாம், கொடைக்கானலுக்குப் பொருந்தாது. தண்ணி தெளிக்கணும்.

ஜூன் 10, கொஞ்ச நேரம் கழிச்சு

ஆனா கண்டபடி தெளிக்காதீங்க. இதே கணக்குக்கு மறுபக்கம் ஒண்ணு இருக்கு. 28 டிகிரியில 60 சதவீதம் ஈரம் இருக்கிற காத்து, 19 டிகிரி இருக்கிற சுவரைத் தொட்டாலே வேர்த்துடும். ஒத்தைப் பிளாஸ்டிக் டப்பாவை 14 டிகிரி அறையில வச்சு உள்ள சூடேத்தினா, நடுவுல காய்ஞ்சு கிடக்கும், சுவர்ல தண்ணி ஓடும், மூலையில பூஞ்சணம் பூக்கும். ஒரே டப்பாவுல வறட்சியும் வெள்ளமும். முழுசா தெளிக்கிறதை விட்டுட்டு, மண்ணுல ஒரு மூலையை மட்டும் நனைச்சு வைங்க. வேணும்கிறது அங்க போய் உக்காரும், வேண்டாம்கிறது அட்டைக்கு ஏறிடும். அதுங்களுக்கே தெரியும்.

சுவர் வேர்க்காம இருக்க ஒரே வழி சுவரைச் சூடா வச்சிருக்கிறது. அதாவது தெர்மாகோல்.

ஜூன் 13

பெட்டி. "படம் போடுங்க"ன்னு கேட்கிறீங்க. போட மாட்டேன், பார்க்கக் கேவலமா இருக்கும்.

மீன் கடையில தூத்துக்குடி, ராமேஸ்வரம் பக்கத்துல இருந்து ஐஸ் போட்டு வர்ற தெர்மாகோல் பெட்டி சும்மாவே கிடைக்கும், இல்லன்னா சில்லறைக் காசு. சோப்புப் போட்டுக் கழுவி வெயில்ல காய வைங்க (வெயில் வர்ற அன்னைக்கு). அதுக்குள்ள உக்கார்ற மாதிரி ஒரு பிளாஸ்டிக் டப். கரப்பானை நேரா தெர்மாகோல்ல விட்டா கடிச்சுத் தூளாக்கும், அதான் பெட்டிக்குள்ள பெட்டி. ரெண்டுக்கும் நடுவுல விரல் அளவு இடம் விட்டு, ஹீட் மேட்டை (கரண்ட்ல சூடாகுற தட்டை விரிப்பு) அந்த இடத்துல, டப்போட பக்கச் சுவர்ல ஒட்டுங்க.

மூடியில ரெண்டு இடத்துல ஓட்டை வெட்டி ஸ்டீல் வலை ஒட்டணும். நைலான் கொசுவலை ஆகாது, கடிச்சுடும். ஓட்டை சின்னதா இருக்கட்டும். சமவெளியில வளர்க்கிறவங்க மூடி முழுக்க வலை போடச் சொல்லுவாங்க, மலையில அப்படிப் போட்டா சூடும் ஈரமும் ஒண்ணா மேல போயிடும். ஒரே ஓட்டை போட்டாலும் காத்து ஓடாது. எதிரெதிரா ரெண்டு வேணும்.

சீறி கண்ணாடியிலயே ஏறும். டப்போட வாய்க்குக் கீழ ரெண்டு விரல் அகலத்துக்கு வேஸ்லின் பூசிடுங்க. தூசி படிஞ்சா ஏறிடும், அப்பப்ப துடைச்சுட்டுப் புதுசா பூசணும். டுபியான்னு இன்னொரு வளர்ப்புக் கரப்பான் இருக்கு, அதுல இந்தத் தொல்லை இல்ல, அதுக்கு வழவழப்பான சுவர்ல ஏறத் தெரியாது.

முட்டை அட்டையை நிமிர்த்தி வைங்க, படுக்க வைக்காதீங்க. எச்சம் கீழ கொட்டிடும், அட்டை சுத்தமா இருக்கும். நாமக்கல் முட்டை வர்ற காகிதக்கூழ் அட்டைதான் நல்லது.

மேட்டுப்பாளையத்துல இருந்து நீலகிரி ஏறுற வழியில, கல்லார் செக்போஸ்ட்ல பிளாஸ்டிக் டப்பைப் பிடிப்பாங்களான்னு ஒருத்தர் கேட்டிருக்கார். அவங்க பிடிக்கிறது தண்ணி பாட்டிலும் கேரி பேக்கும்ங்க. கரப்பானைக் காட்டினா உங்களையே வேகமா அனுப்பிடுவாங்க.

ஜூன் 14

"ஹீட் மேட்டை அடியில வச்சா என்ன?" வைக்கக் கூடாது. கரப்பானுக்கு சூடு அதிகமானா கீழ மண்ணுக்குள்ள போகணும்னுதான் தோணும். கீழதான் அடுப்பே இருக்குன்னா தப்பிக்க வழி இல்லாம வெந்துடும். பக்கத்துல, ஒரு பக்கம் மட்டும். அப்பதான் ஒரு மூலை 30, எதிர் மூலை 23ன்னு இருக்கும், அதுங்க இடம் மாத்தி உக்காரும்.

தெர்மோஸ்டாட் (வேண்டிய சூடு வந்ததும் தானா அணைக்கிற கருவி) இல்லாம ஹீட் மேட்டைத் தொடவே தொடாதீங்க. ஆன்லைன்ல இன்குபேட்டர் தெர்மோஸ்டாட்னு தேடுங்க. சென்சார் கம்பியை மேட்டுமேல ஒட்டாதீங்க, கரப்பான் உக்கார்ற அட்டைக்குப் பக்கத்துல தொங்க விடுங்க. கம்பி போற ஓட்டையைப் பஞ்சு வச்சு அடைங்க. குஞ்சு அந்த வழியா போயிடும்.

ஜூன் 14, கரண்ட் பில் பத்தி

சூட்டுக்குன்னு 40 வாட் குண்டு பல்பை நாள் முழுக்க எரிய விட்டா ஒரு நாளைக்குக் கிட்டத்தட்ட ஒரு யூனிட், ரெண்டு மாசத்துக்கு 58 யூனிட். அரசாங்கம் தர்ற 100 யூனிட் இலவசத்துல (2024 கணக்கு) பாதிக்கு மேல கரப்பானுக்கே போகும், அதுல வீட்டுல சண்டை வரும். தெர்மாகோல் பெட்டிக்குள்ள 25 வாட் மேட், தெர்மோஸ்டாட் பாதி நேரம் அணைச்சே வச்சிருக்கும். 18 யூனிட்டுக்குள்ள முடிஞ்சுடும். எல்.இ.டி. பல்பு போட்டுட்டு "சூடே வரல"ன்னு ஒருத்தர் கேட்டார். வராதுங்க. அதுக்குத்தானே அதைக் கண்டுபிடிச்சாங்க.

கரி போட்ட கும்முட்டி அடுப்பை அறைக்குள்ள வச்சுச் சூடாக்கலாமான்னு கேட்ட நண்பருக்கு: கரப்பானை விடுங்க, கதவைச் சாத்திட்டு அப்படித் தூங்கினா மனுஷனே எந்திரிக்க மாட்டான். மலையில அந்தச் சாவு செய்தி அப்பப்ப வந்துட்டுத்தான் இருக்கு.

ஜூன் 22

கொடைக்கானல் தம்பி எழுதியிருக்கார்: எல்லாம் நடமாட ஆரம்பிச்சுடுச்சு, ஒண்ணு சீறவும் சீறுச்சு, அம்மா ரெண்டடி பின்னாடி போனாங்க. நல்லது. அது வாயால சீறுறது இல்ல. வயித்துப் பக்கத்துல மூச்சு விடுற துளை வழியா காத்தை அழுத்தித் தள்ளுது. தொட்டா பெருசுங்க ஆணும் பெண்ணும் சீறும். சண்டைக்கும் பொண்ணு பார்க்கவும் சீறுறது ஆண் மட்டும்தான். கழுத்துக்கு மேல ரெண்டு முட்டு புடைச்சு நின்னா ஆண். அதை வச்சுத்தான் ரெண்டும் மோதிக்கும்.

இப்ப மண். கோகோபீட்டை (தேங்காய் நார்த்தூள்) தண்ணியில ஊற வச்சு நல்லாப் பிழிஞ்சு மூணு விரல் உயரத்துக்குப் போடுங்க. அதுக்கு மேல சருகு. சருகுன்னதும் வீட்டு வாசல்ல கிடக்கிறதை அள்ளிப் போட்டுடாதீங்க. நம்ம மலையில வாசல்ல கிடக்கிறது பெரும்பாலும் கற்பூர மரத்து இலை, யூகலிப்டஸ்தான். அதுல இருக்கிற தைலம் பூச்சியை விரட்டுறது, கொல்லவும் செய்யும். பைன் ஊசியும் வேண்டாம். சீகை மரத்து (வாட்டில்) இலையை நான் போட்டுப் பார்த்ததில்ல. சில்வர் ஓக் போட்டேன், ஒளிஞ்சுக்கும், ஆனா அதிகமா தின்னாது. கொய்யா, பலா, மா மூணும் நல்லாத் தின்னும். மேட்டுப்பாளையம் போறப்ப ஒரு சாக்கு கட்டிக்கிட்டு வந்துடுவேன். கொடைக்கானல்காரங்க வத்தலக்குண்டு பக்கத்துத் தோப்புல கேட்டுப் பாருங்க.

சோலைக்காட்டுச் சருகு அருமையா மக்கியிருக்கும்னு ஒருத்தர் யோசனை சொல்றார். காப்புக்காட்டுல இருந்து ஒரு இலை எடுத்தாலும் குத்தம்தான், அந்த யோசனையே வேண்டாம். தேயிலைத் தோட்டத்துச் சருகும் வேண்டாம், எப்ப என்ன மருந்து அடிச்சாங்கன்னு தெரியாது.

ஜூன் 23

தீனி கேட்டவருக்கு. கேரட், வாழைப்பழத் தோல், பூசணி, கூடவே நாய்க்கோ மீனுக்கோ போடுற காய்ஞ்ச தீனி கொஞ்சம். கேத்தி பக்கம் கழுவி மூட்டை கட்டுற கேரட் பார்க்கப் பளபளன்னுதான் இருக்கும், இருந்தாலும் தோலைச் சீவிட்டுப் போடுங்க. கோஸ், காலிஃபிளவர் வேண்டவே வேண்டாம், இடுக்குல இருக்கிற மருந்தைக் கழுவ முடியாது.

புரதத்தை அள்ளிக் கொட்டாதீங்க. கரப்பான் உடம்புக்குள்ள ஒரு பாக்டீரியா கூட்டாளியா இருக்கு. உடம்புல சேர்த்து வச்ச யூரிக் அமிலத்துல இருந்து நைட்ரஜனை எடுத்து அது மறுபடி புரதத்துக்கு வேண்டியதைச் செஞ்சு குடுக்கும். நாய்த்தீனியையே தினமும் போட்டா அந்த யூரிக் அமிலம் உடம்பு முழுக்க ஏறி ஆயுசு குறையும்.

ஊட்டி வர்க்கி தின்னுமான்னு கேட்டா, தின்னும். நான் மேசையில விட்ட தூளுக்கே மீசையை ஆட்டிக்கிட்டு வந்துச்சு. புவிசார் குறியீடு வாங்கின பலகாரத்தைக் கரப்பானுக்குப் போடுறதான்னு வீட்டுல கேட்டாங்க. நெய்யும் டால்டாவும் அதுக்கு நல்லதும் இல்ல.

தண்ணிக்குக் கிண்ணம் வைக்காதீங்க, குஞ்சு மூழ்கிடும். ஒரு பாட்டில் மூடியில பஞ்சு நனைச்சு வச்சாப் போதும்.

ஜூலை 18

கூடலூர்ல இருந்து ஒரு அக்கா எழுதியிருக்காங்க: "பெட்டிக்குள்ள எல்லாம் பூஞ்சணம், அட்டையே கூழாயிடுச்சு." அக்கா, நான் மேல எழுதினது கோத்தகிரிக்கும் கொடைக்கானலுக்கும். இங்க பெரிய மழை ஐப்பசி, கார்த்திகையில. உங்களுக்குத் தென்மேற்குப் பருவமழை ஆனியிலயே நேரா முகத்துல அடிக்கும். கூடலூர் ஆயிரம் மீட்டர்தான், ராத்திரியும் அவ்வளவு குளிராது, அதனால நீங்க உள்ள ஏத்துற சூடும் கொஞ்சம். அப்ப காயுறதும் கொஞ்சம்தான். கோத்தகிரியும் கூடலூரும் ஒரே மாவட்டம், ரெண்டு கணக்கு. நீங்க மூடியில வலையைப் பெருசாக்குங்க, தண்ணி தெளிக்கிறதை நிறுத்துங்க, அட்டைக்குப் பதிலா மரப்பட்டையும் மூங்கில் துண்டும் வைங்க.

மண்ணுல ஸ்பிரிங்டெயில்னு வெள்ளையா துள்ளுற பொடிப்பூச்சி இருந்தா விரட்டாதீங்க, பூஞ்சணத்தைத் தின்னுறதே அதுதான். தோட்டத்துல பூந்தொட்டியைத் தூக்கினா அடியில கிடைக்கும். அப்படித் தூக்கினப்ப பழுப்பா பளபளன்னு ஒரு கரப்பான் மண்ணுக்குள்ள புதைஞ்சதா எழுதியிருக்கீங்களே, அது சுரினாம் கரப்பானா இருக்கலாம். பேருதான் சுரினாம், பூர்வீகம் நம்ம இந்தோ-மலேயப் பக்கம். ஆணே இல்லாம பெண்ணே பெண்ணைப் பெத்துக்கும். ஒண்ணு பெட்டிக்குள்ள விழுந்தா போதும், அப்புறம் பெட்டி அதோடது.

ஜூலை 19

தொட்டி, சருகு, பழத்தோல்னு பேசினதுல ஞாபகம் வந்தது. பெட்டியில இருந்து எடுக்கிற பழைய தீனியை வாசல்ல கொட்டாதீங்க. கோத்தகிரி, குன்னூர்ல கரடி எதுக்கெல்லாம் வருதுன்னு உங்களுக்கே தெரியும். கோயில் விளக்கு எண்ணெய்க்கே கதவை உடைக்குது. எங்க வரிசையில ராத்திரி பலாத்தோலுக்கு ஒண்ணு வந்துட்டுப் போச்சு. காட்டெருமைக்குக் கேரட் தோல். எனக்குக் கரப்பான் போதும்.

ஆகஸ்ட் 3

கரண்ட். மரம் விழுந்து லைன் போச்சுன்னா எங்க ஊர்ல மறுநாள்தான் வரும். தெர்மாகோல் இருக்கிறதால உடனே குளிர்ந்துடாது. வென்னீரைப் பாட்டில்ல ஊத்தி, துணி சுத்தி, ரெண்டு பெட்டிக்கும் நடுவுல இருக்கிற இடத்துல வைங்க. டப்புக்குள்ள வைக்காதீங்க. சீறி ஒரு ராத்திரி 14 டிகிரியில சாகாது. கரண்ட் வந்ததும் பதறிப்போய் தெர்மோஸ்டாட்டை 34-க்கு ஏத்துறதுதான் ஆபத்து.

ஆகஸ்ட் 17

விஷம் பத்தி யாருமே கேட்கல, கேட்டிருக்கணும். கொசு விரட்டுற லிக்விட், கரப்பான் சாக்பீஸ், எறும்புப் பொடி, நாய்க்கு உண்ணி போகக் கழுத்துல விடுற மருந்து, உண்ணி ஷாம்பு. இதுல எதைத் தொட்ட கையோடவும் பெட்டிக்குள்ள போகாதீங்க. நாயைத் தடவிட்டு வந்து கரப்பானைத் தூக்கினா, கவுந்து படுத்துக் காலை உதறும். அதுக்கப்புறம் செய்யறதுக்கு ஒண்ணும் இல்ல. பக்கத்துத் தோட்டத்துல மருந்து அடிக்கிற அன்னைக்கு ஜன்னலைச் சாத்துங்க.

வீட்டுல ஆஸ்துமாக்காரங்க இருந்தா அதையும் யோசிக்கணும். கரப்பான் எச்சமும் உரிச்ச தோலும் தூளானா அலர்ஜி வரும், சிலருக்கு ஆஸ்துமாவே கிளம்பும். எச்சத்தைக் காய்ஞ்சபடியே கொட்டாம லேசா நனைச்சுட்டு, முகமூடி போட்டுக்கிட்டு, வெளியில வச்சு அள்ளுங்க. படுக்கிற அறையில பெட்டி வேண்டாம்.

செப்டம்பர் 12

கொடைக்கானல்ல குஞ்சு! "ராத்திரி பார்த்தேன், அரிசி மாதிரி வெள்ளையா, அம்மாக்காரி மேல மொய்க்குது, நோயா அண்ணே?"

நோய் இல்ல. இது முட்டைப் பையை வயித்துக்குள்ளயே வச்சிருந்து குஞ்சா வெளிய விடுற ஜாதி. ஏறத்தாழ ரெண்டு மாசம் சுமக்கும். ஒரு ஈத்துக்கு இருபது, முப்பது வரும். பிறந்ததும் வெள்ளையாத்தான் இருக்கும், சில மணி நேரத்துல கறுத்துடும். பெருசு ஒண்ணு திடீர்னு பால்வெள்ளையா தெரிஞ்சாலும் அப்படித்தான், அப்பதான் தோல் உரிச்சிருக்கும். அந்த நேரத்துல தொடாதீங்க, உடம்பு மாவு மாதிரி இருக்கும். உரிச்ச தோலை எடுக்காதீங்க, அதையே தின்னுடும்.

பெருசுங்க கால் இடுக்குல பொடிப்பொடியா ஓடுறது உண்ணி இல்ல, சீறியோடவே வாழுற ஒரு சிலந்திப்பேன். அதுக்கும் நமக்கும் கெடுதல் இல்ல. காய்ஞ்ச தீனி ஈரமாகி அதுல மாவு படிஞ்சது மாதிரி மொய்ச்சா அது வேற, தீனியைத் தூக்கிப் போடுங்க.

அம்மா என்ன சொல்றாங்கன்னு எழுதல.

அக்டோபர் 6

ஒருத்தர் குத்தலா கேட்டிருக்கார், "நம்ம ஊர்ல இல்லாத கரப்பானா, வெளிநாட்டுக் கரப்பானைக் கொண்டாந்து கம்பளி போர்த்தி வளர்க்கிறீங்களே?"

கேள்வி நியாயம். ரெண்டு விஷயம். முதல்ல சட்டம். வெளிநாட்டுல இருந்து உயிருள்ள பூச்சியை வரவழைக்க 2003ஆம் வருஷத்துத் தாவரத் தனிமைப்படுத்தல் ஆணைப்படி அனுமதி வேணும். ஆன்லைன்ல "நேரா அங்க இருந்தே வரும்"னு சொல்றவங்க கிட்ட வாங்காதீங்க. ரெண்டாவது, வெளியில எது, உள்ளூர் எதுன்னு கரப்பான்ல சொல்றது அவ்வளவு சுலபம் இல்ல. உங்க சமையற்கட்டுல ஓடுற சின்னதுக்குப் பேரு ஜெர்மன் கரப்பான். பேர் வச்சது உயிரினங்களுக்கு அறிவியல் பேர் வைக்கிற முறையைக் கொண்டுவந்த லின்னேயஸ், 1767. 2024 மே மாசம் வந்த மரபணு ஆய்வு, அது ஏறத்தாழ 2100 வருஷத்துக்கு முன்னாடி இந்தியா இல்லன்னா மியான்மர் பக்கம் ஆசியக் கரப்பான்ல இருந்து பிரிஞ்சதுன்னு சொல்லுது. உலகத்துல 4500-க்கும் மேல கரப்பான் வகை இருக்கு, மனுஷன் வீட்டுக்குள்ள வர்றது முப்பது சொச்சம்தான்.

ஆனா குத்தினவர் சொன்னதுல ஒரு உண்மை இருக்கு. என் கிட்ட இப்ப அதிகமா இருக்கிறது சீறி இல்ல.

அக்டோபர் 7

நேத்து பாதியில விட்டது. ஏழுபுள்ளிக் கரப்பான். கறுப்பு உடம்பு, பெரிய வெள்ளைப் புள்ளி ஏழு. டாமினோன்னு சொல்லுவாங்க. தென்னிந்தியப் புதர்க்காட்டுக்குச் சொந்தமானது. பார்த்தா யாரும் கரப்பான்னு சொல்ல மாட்டாங்க. லின்னேயஸே 1758-ல இதை வண்டோட சேர்த்துட்டார். ஆறு புள்ளி இருக்கிற ஒரு தரைவண்டு அமிலத்தைப் பீச்சும். அதைப் பார்த்துப் பயப்படுறவங்க இதையும் விட்டுடட்டும்னுதான் இந்த வேஷம்னு நினைக்கிறாங்க.

எனக்குக் கிடைச்சது காரமடைப் பக்கம் மாமனார் தோட்டத்துல, வெள்வேல மரத்தடிச் சருகுக்குள்ள, பட்டா நிலம். முதுமலையில, மசினகுடிக் காட்டுல தேடிப் போகாதீங்க, பிடிச்சா ஃபாரஸ்ட்காரங்க கரப்பானா புலியான்னு பார்க்க மாட்டாங்க.

பெட்டி அமைப்பு இதுக்கு வேற. முட்டை அட்டையே வேண்டாம். குஞ்சு முழுக்க மண்ணுக்குள்ளதான் வாழும், அதனால ஒரு சாண் உயரத்துக்கு மண்: கோகோபீட், மணல் கொஞ்சம், மக்கின மரத்தூள், மேல சருகு. அடி மண்ணு லேசா ஈரம், மேல்மண் காய்ஞ்சு இருக்கணும். ஒரு ஓரமா குழாய் செருகி அது வழியா தண்ணி ஊத்துங்க, அடிக்குப் போயிடும், மேல நனையாது. சூடு 25 பக்கம் இருந்தா போதும். வளர்றது நிதானம், குஞ்சு பெருசாகப் பல மாசம் எடுக்கும். பெருசான பிறகு வாழுறது சில மாசம்தான். பாதி நாள் வெறும் மண் டப்பாவைத்தான் பார்த்துக்கிட்டு இருப்பீங்க. பொறுமை இல்லாதவங்க சீறியோடயே இருங்க.

என்னைக் கேட்டா மலையில புதுசா ஆரம்பிக்கிறவங்க இதுலயே ஆரம்பிக்கலாம். சூடு குறைவா வேணும், சத்தம் இல்ல, சுவர்ல ஏறி ஓடுற தொல்லை கம்மி. பகல்லயும் வெளிய வரும், பார்க்க அழகு.

நவம்பர் 10

சீறிக்கு 30 டிகிரி வரைக்கும்னு ஜூன்ல எழுதினேன். இப்ப கொடைக்கானல் தம்பிக்கு ரெண்டாவது ஈத்து வந்து, டப்பு நிறைஞ்சு, யாருக்குக் குடுக்கிறதுன்னு கேட்கிறார். அவருக்கு நான் சொல்றது 24. பெருக்கத்துக்குத்தான் 28, 30 எல்லாம். வெறும் வளர்ப்புக்கு 24-ல தீனி எடுக்கும், நடமாடும், குட்டி போடுறது மட்டும் மெதுவாகும். மலையில இருக்கிறவங்களுக்கு இதுல ஒரு வசதி, குளிரை நாம காசு குடுத்து வாங்க வேண்டாம். 24-ன்னா காத்தும் அவ்வளவு காயாது. ஜூன்ல போட்ட அதே 12 டிகிரிக் காத்து 47 சதவீதத்துல நிக்கும், ஒரு மூலை நனைச்சா மீதி சரியாயிடும். உண்மையில எல்லாருக்கும் இதையே முதல்ல சொல்லியிருந்தா கரண்டும் மிச்சம், குட்டியும் கம்மி.

மிஞ்சினதை வெளியில விட்டுடலாமான்னா, கூடாது. கொடைக்கானல் குளிருக்குச் செத்துடும்னு நீங்க நினைப்பீங்க. அதையே கீழ வெக்கையான கல்லார்லயும் பர்லியார்லயும் இருக்கிறவங்களும் செஞ்சா அங்க சாகாது. குடுக்க ஆள் இல்லன்னா டப்பாவுல போட்டு ஃப்ரீசர்ல ரெண்டு நாள். குளிர்ல மயங்கி அப்படியே முடிஞ்சுடும். கோழி இருந்தா கோழி சந்தோஷப்படும். எங்க வீட்டுக் கோழிங்க சீறியைக் கண்டா முதல்ல பயந்துச்சு, இப்ப டப்பு திறக்கிற சத்தத்துக்கே வருதுங்க.

ஜனவரி 4, 2025

ஊட்டிக்காரங்க வரிசையா கேட்கிறீங்க, உறைபனி விழ ஆரம்பிச்சதால. பெட்டியைத் தரையில வைக்காதீங்க, வெளிச்சுவரை ஒட்டி வைக்காதீங்க. பலகை மேல, வீட்டுக்கு நடுவுல இருக்கிற சுவர் பக்கம். தெர்மாகோல் மூடி மேல ஒரு சாக்கை மடிச்சுப் போடுங்க, ஓட்டையை விட்டுட்டு. 25 வாட் மேட் ஓய்வே இல்லாம எரிஞ்சும் 22 தாண்டலன்னா பெரிய மேட் வாங்காதீங்க, இன்னொரு தெர்மாகோல் பெட்டிக்குள்ள இறக்குங்க.

ஜனவரி 5

கொடைக்கானல் தம்பி திண்டுக்கல் நண்பருக்குப் பாதிக் குஞ்சைக் குடுக்கப் போறாராம், பஸ்ல எப்படிக் கொண்டுபோறதுன்னு கேட்கிறார். சின்ன டப்பா, உள்ள கசக்கின காகிதம், ஒரு துண்டு கேரட், தண்ணிப் பஞ்சு வேண்டாம், ஆட்டத்துல கொட்டிடும். மூடிக்கு ரெண்டு ரப்பர் பேண்ட். ஸ்வெட்டருக்குள்ள மடியில வச்சுக்கோங்க, முன்னாடி இன்ஜின் பக்கத்துல வைக்காதீங்க. வத்தலக்குண்டு வந்ததும் ஸ்வெட்டரைக் கழட்டிடுங்க, அங்க அதுங்களுக்கும் வெக்கை. பக்கத்து சீட்டுல இருக்கிறவர் டப்பாவுல என்ன தம்பின்னு கேட்டா பூச்சின்னு மட்டும் சொல்லுங்க.